சுசீந்திரமும் அதன் ஜனங்களும்

(நாகர்கோவிலை அடுத்த ஒரு கிராமத்தில் நடந்த பொதுக்கூட்டத்தில் செய்த சொற்பொழிவு)



இன்று இங்கு வந்திருக்கும் உங்களில் பலர், நாம் கடவுளையும் சாஸ்திரத்தையும் ஒரு பிடி பிடிக்கப் போகிறோம் என்று எதிர்பார்த்து வந்திருப்பீர்கள். அதை இன்னொரு நாளைக்கு வைத்துக் கொள்ளுவோம். இன்று ஓர் ஊரைப் பற்றிப் பேசவே உத்தேசம். அந்த ஊர் லண்டனுமல்ல, பாரிசுமல்ல. நாகர்கோவிலில் பஸ் ஏறி, வாயில் போட்ட வெற்றிலையை மென்று முடிப்பதற்குள் போய்ச் சேரக்கூடிய சுசீந்திரத்தைப் பற்றித்தான். நாம் பள்ளிக்கூடத்தில் அதிகமாகப் படித்தவரல்லர். கையில் அகப்பட்டதைப் படித்தும், கண்ணில் பட்டதைப் பற்றி நாலு பேரிடம் கேட்டும் தெரிந்து கொண்டதைத்தான் சொல்லுகிறோம். சரியென்று பட்டால் எடுத்துக் கொள்ளுங்கள். இல்லையேல் தள்ளி விடுங்கள்.

நமக்கு முன் பேசிய இளந்தோழர் சுவிட்சர்லாந்து தேசத்துச் சிற்றூர்களைப் பற்றி வெகு உற்சாகமாகச் சொன்னார். அத்தேசத்தில் சுமார் 2,100 ஊராட்சிகள் இருக்கின்றன என்றார். அநேக சிற்றூர்களில் ஊரார் எல்லாரும் ஓரிடத்தில் கூடி, கையைத் தூக்கியே ஊரின் வரவு செலவையும் வரியையும் ரோட்டு வேலையையும் முடிவு செய்து கொள்ளுகிறார்கள் என்றார். எல்லாம் வாஸ்தவமே. கேட்கக் கேட்க நமக்கும் ஆசையாகத்தான் இருந்தது. ஆனால் "ஊரார் எல்லாரும்" என்று சொன்னாரே, அந்த இடத்தில்தான் நாம் கொஞ்சம் நிற்க வேண்டியிருக்கிறது.

அந்தத் தேசத்தில் பெண்களுக்குத் தேச காரியங்களில் ஓட்டுரிமை வந்தது 1971ம் வருஷத்தில்தான். அதற்குச் சற்று முன்னதாகச் சில மாகாணங்கள் கொடுத்தன. சில மாகாணங்கள் அதற்குப் பிறகும் கொடுக்கவில்லை. அப்பென்செல் இன்னர்ரோடன் என்று ஒரு சிறிய மாகாணம் இருக்கிறது. அங்கே வருஷத்துக்கு ஒரு முறை வெளியில் கூடி ஓட்டுக் கொடுப்பார்கள். இடுப்பில் கத்தி கட்டிக் கொண்டு வருவதே ஆண்பிள்ளைக்கு ஓட்டுரிமை உண்டு என்பதற்கு அடையாளம். அந்தக் கத்தி கட்டிய ஆண்பிள்ளைகள் 1990ம் வருஷத்திலேகூடப் பெண்களுக்கு ஓட்டு வேண்டாமென்று கை தூக்கிவிட்டார்கள். அதே வருஷக் கடைசியில் அத்தேசத்து உயர்ந்த நீதிமன்றம் தலையிட்டுத்தான் கொடுக்கச் செய்தது. ஆக, கத்தி இருக்கிறவன் ஊரான். கத்தி இல்லாதவள் அந்த ஊரில் குடியிருக்கிறவள். சோறு பொங்கியவளும், பால் கறந்தவளும், பிள்ளை பெற்றவளும் அந்த "எல்லாரும்" என்பதில் சேரவில்லை.

இதை அந்தத் தேசத்தைக் குறை சொல்லுவதற்காகச் சொல்லவில்லை. எந்த ஊரைப் பற்றிப் பேசினாலும் முதலில் கேட்க வேண்டிய கேள்வி இதுதான் என்பதற்காகச் சொல்லுகிறோம். ஊர் என்கிறாயே, அந்த ஊர் என்பது யார் யார்? இந்தத் தராசில்தான் நம் சுசீந்திரத்தையும் வைத்து நிறுக்கப் போகிறோம்.

ஊரின் அமைப்பு உங்களுக்குத் தெரிந்ததே. பழையாற்றங்கரை, சுற்றிலும் வயலும் தென்னையும் குளமும், நடுவில் தாணுமாலயன் கோவில், அதைச் சுற்றி நாலு ரத வீதி, பக்கத்தில் தெப்பக்குளம். நாஞ்சில் நாட்டில் இதைவிட அழகான ஊர் உண்டா என்று கேட்டால், அவரவர் தம்தம் ஊரைச் சொல்லுவீர்கள், சொல்லத்தான் வேண்டும். இருந்தாலும் காலை வேளையில் அந்தக் குளத்தங்கரையில் நின்று பார்த்தால் வேறு ஊருக்குப் போக மனம் வருவதில்லை. சுசீந்திரம், தேரூர்க் குளங்களுக்கு வருஷந்தோறும் வெகு தூர தேசங்களிலிருந்து பறவைகள் வந்து தங்கிப் போகின்றன. 2022ல் இந்தக் குளங்களை உலகமெங்கும் காப்பாற்றத்தக்க நீர்நிலைகளாகிய ராம்சார் ஜாபிதாவில் சேர்த்திருக்கிறார்கள். அந்தப் பறவைகளை யாரும் நீ என்ன ஜாதி, எவ்வளவு தூரத்தில் நிற்க வேண்டியவள் என்று கேட்டதாகத் தெரியவில்லை.

பழைய காலத்தில் இவ்வூர் சதுர்வேதிமங்கலம், அதாவது பார்ப்பனருக்கு விடப்பட்ட ஊர். சுவிட்சர்லாந்தில் மாத்திரந்தானா சபை? இங்கும் ஆயிரம் வருஷத்துக்கு முன்னமேயே சபை இருந்தது. நம் பண்டிதர்கள் உத்தரமேரூர்க் கல்வெட்டைக் காட்டி, அன்றே குடவோலை போட்டோம் பார் என்று மார் தட்டிக் கொள்ளுவார்கள். தட்டட்டும். ஆனால் அந்தக் குடத்தில் யார் பேர் விழும் என்று அதே கல்வெட்டில் எழுதியிருக்கிறது. வரி செலுத்தும் கால்வேலி நிலம் வேண்டும். சொந்த மனையில் வீடு வேண்டும். வேதம் தெரிந்திருக்க வேண்டும். நிலத்தை உழுதவன் பேர் குடத்தில் விழாது. அங்கே கத்தி, இங்கே பூணூல். அவ்வளவுதான் வித்தியாசம்.

இனி ஊரின் பேருக்கு வருவோம். சுசி என்றால் சுத்தம். இந்திரன் அகலிகை விஷயத்தில் செய்த காரியத்துக்காகச் சாபம் பெற்று, இங்கே வந்து கொதிக்கிற நெய்யில் முழுகிச் சுத்தமானானாம்; அதனால் சுசீந்திரமாம். அவன் இன்னும் ஒவ்வோர் இரவும் அர்த்தஜாமத்தில் வந்து பூசை செய்து விட்டுப் போகிறானாம். ஆகையால் இரவில் நடை அடைத்த அர்ச்சகர் மறுநாட்காலை நடை திறக்கக் கூடாதாம். உள்ளே கண்டதை வெளியே சொல்லமாட்டேன் என்று அர்ச்சகர் சத்தியமும் செய்து கொடுக்க வேண்டுமாம். தோழர்களே! ஒரு கடைக்காரன் தன் கணக்குப்பிள்ளையிடம், கல்லாப் பெட்டியில் கண்டதை வெளியே சொல்லமாட்டேன் என்று சத்தியம் வாங்கினால் நீங்கள் என்ன நினைத்துக் கொள்ளுவீர்கள்? அதற்குமேல் நாம் இதைப் பற்றி விஸ்தரிக்க வேண்டியதில்லை.

கதை கதையோடு போயிருந்தால் சிரித்து விட்டுப் போகலாம். அது கையைச் சுட்டதுதான் விபரீதம். ஒரு நம்பூதிரியின் மேல் விபசாரக் குற்றம் வந்தால், சாட்சியை விசாரித்து முடிவு செய்யாமல், இந்தக் கோவிலுக்குக் கொண்டுவந்து கொதிக்கிற நெய்யில் கையை விடச் சொல்லுவார்கள். பிறகு கையைக் கட்டிவைத்து, சில நாள் கழித்து அவிழ்த்துப் பார்ப்பார்கள். வெந்திருந்தால் குற்றவாளி; வேகாமலிருந்தால் நிரபராதி. இதற்குக் கைமுக்கு என்று பேர். தண்ணீர் 100 பாகையில் கொதிக்கும். நெய்யைக் காய்ச்சினால் அதற்கு இருமடங்குக்கு மேலும் சூடு ஏறும். அந்தச் சூட்டுக்கு யோக்கியன் கையும் ஒன்றுதான், அயோக்கியன் கையும் ஒன்றுதான். சுவாதித் திருநாள் மகாராஜா காலத்தில், அதாவது 1829க்கும் 1846க்கும் இடையில், இந்த வழக்கத்தை நிறுத்தினார்கள். இதில் நாம் கவனிக்க வேண்டியது ஒன்றுண்டு. இந்த நெய்யில் வெந்தது ஆதிதிராவிடன் கையல்ல, சாணான் கையல்ல. ஜாதியின் உச்சியில் உட்கார்ந்திருந்த நம்பூதிரியின் கையே வெந்தது. மூடநம்பிக்கையைப் பிறனுக்காக வளர்த்தவனையும் அது விட்டுவைக்கவில்லை.

நிற்க, கோவில் கட்டடத்தைப் பற்றி நாம் மட்டமாகப் பேசுவோம் என்று யாராவது நினைத்தால் ஏமாந்து போவார்கள். 134 அடி உயரமுள்ள ஏழு நிலைக் கோபுரம். ஒரே கல்லில் கொத்துக் கொத்தாகத் தூண்கள். தட்டினால் தூணுக்கொரு நாதம். அந்தக் கல்லை எடுத்து, அளந்து, இவ்வளவு கொத்தினால் இந்த நாதம் வருமென்று கணக்குப் பார்த்து உளி பிடித்தவன் மகா புத்திசாலி. அவன் பேர் என்ன? வழிகாட்டுகிறவரிடம் நாம் கேட்டுப் பார்த்தோம். இந்திரன் பேர் தெரியும், அகலிகை பேர் தெரியும், அனுசூயை பேர் தெரியும். தூண் செய்தவன் பேர் தெரியாது. பக்கத்து மயிலாடியில் இன்றும் கல்லுளி சத்தம் கேட்டுக் கொண்டிருக்கிறது. விக்கிரகத்தைச் செய்கிற வரையில் அவர்கள் காலால் மிதித்துக் கொண்டு செதுக்கலாம். பிரதிஷ்டை ஆன பிறகு அவர்களே எட்ட நின்று கும்பிட வேண்டும். இதன் தத்துவம் நமக்கு இன்னும் விளங்கவில்லை.

அந்தக் கோவிலுக்குள் பதினெட்டு அடி உயரம் என்று சொல்லப்படுகிற ஆஞ்சநேயர் சிலை ஒன்றும் இருக்கிறது. இதைத் திப்பு சுல்தான் படையெடுப்புக்குப் பயந்து 1740ம் வருஷத்தில் புதைத்து வைத்தார்கள் என்று சொல்லுகிறார்கள், அச்சிட்டும் விற்கிறார்கள். திப்பு பிறந்ததே அதற்குப் பத்து வருஷத்துக்குப் பிறகுதான்! பிறக்காதவனுக்குப் பயந்து கல்லைப் புதைத்த அதிசயம் வேறெந்தத் தேசத்திலும் நடந்திராது. அது போகட்டும். புதைந்து கிடந்த அந்தக் கல்லைக் கண்டெடுத்து உள்ளே கொண்டுபோய் நிறுத்திய வருஷம் 1930 என்கிறார்கள். அந்த 1930ஐ மறந்துவிடாமல் மனதில் வைத்துக் கொள்ளுங்கள்.

அந்தக் காலத்தில் ரத வீதி யாருடையது? நாடாரும், ஈழவரும், ஆதிதிராவிடரும் அதில் கால் வைக்கக் கூடாது. கோவிலுக்குள் போவதைப் பற்றிய பேச்சே இல்லை. வெளியில் இருக்கிற தெருவைச் சொல்லுகிறோம். அது சுவாமியின் தெரு, சர்க்கார் தெருவல்ல என்று வைதிகர்கள் சாதித்தார்கள். சரி, அந்தச் சுவாமிக்குப் படியளந்தது யார்? கர்னல் மன்றோ என்ற வெள்ளைக்காரர் திருவிதாங்கூரில் திவானாக இருந்தபோது, 1811ம் வருஷ வாக்கில், பெரிய கோவில்களையும் அவற்றின் நிலங்களையும் சர்க்காரே எடுத்துக் கொண்டது. அதுமுதல் கோவில் செலவு சர்க்கார் செலவு. சர்க்கார் பணம் என்றால் வரிப்பணம். பனையேறி வரி கொடுத்தவன் பணமும், சேற்றில் நின்றவன் உழைப்பும் அந்தப் பொக்கிஷத்தில் விழுந்தன. பணத்துக்குத் தீட்டில்லை, பணம் கொடுத்தவன் பாதத்துக்குத் தீட்டு!

வைக்கத்தில் 1924 மார்ச்சில் ஆரம்பித்த சத்தியாக்கிரகம் 1925 நவம்பரில் முடிந்து, கோவிலைச் சுற்றி மூன்று பக்கத்து வழி திறந்தது. கிழக்குப் பக்கம் திறக்கவில்லை. அந்தச் சூடு ஆறுவதற்குள் 1926 ஜனவரியில் சுசீந்திரத்தில் சத்தியாக்கிரகம் தொடங்கியது. முன்னின்றவர் டாக்டர் எம்.இ. நாயுடு. பூதப்பாண்டியில் பிறந்த ஜீவானந்தமும் வைக்கத்திலும் இங்குமாகக் கலந்து கொண்டார். சர்க்கார் ஏதோ நல்ல வார்த்தை சொல்லிற்று, போராட்டம் நின்றது. நல்ல வார்த்தை வார்த்தையாகவே இருந்தது. ஆகவே 1930ல் மறுபடியும் ஆரம்பிக்க வேண்டியதாயிற்று. தோழர்களே, இப்போது அந்த வருஷத்தை ஞாபகப்படுத்திக் கொள்ளுங்கள். மண்ணுக்குள் கிடந்த கல் உள்ளே போன அதே வருஷத்தில், உயிரும் உணர்ச்சியுமுள்ள மனிதன் தெருவில் நடப்பதற்காக அடிபட்டுக் கொண்டிருந்தான்.

காந்தியாரைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். 1925ல் அவர் கன்னியாகுமரிக்கு வந்திருந்தபோது, சீமைக்குப் போய் வந்தவர் என்பதற்காக அம்மன் சன்னதி வரையில் போக அவரையும் விடவில்லை. அவரே இதை வருத்தத்தோடு எழுதியிருக்கிறார். தேசமே மகாத்மா என்று கொண்டாடினவருக்கே அந்தக் கதியென்றால், கோட்டாற்றுச் சந்தைக்குக் கருப்பட்டி சுமந்து போனவன் கதியைச் சொல்லவும் வேண்டுமோ?

பிறகு 1936 நவம்பர் 12ந் தேதி மகாராஜா விளம்பரம் பிறந்தது. தெரு மட்டுமல்ல, கோவிலே திறந்தது. இதை மகாராஜாவின் கருணை என்று பாடி வைத்திருக்கிறார்கள். கருணை இருந்திருக்கலாம், இல்லையென்று நாம் சொல்லவில்லை. ஆனால் அதற்கு முந்தின வருஷம் அக்டோபரில் டாக்டர் அம்பேத்கர் தாம் இந்துவாகச் சாகப்போவதில்லை என்று சொல்லிவிட்டார். திருவிதாங்கூரில் ஈழவர்கள் கூட்டம் கூட்டமாக மதத்தை விட்டுவிடுவது பற்றி யோசித்துக் கொண்டிருந்தார்கள். வைக்கத்தில் ஈழவன் நடக்கக் கூடாத வழியில், கிறிஸ்தவனும் முகமதியனும் நடந்து கொண்டிருந்தார்கள் அல்லவா? ஜாதியை விட்டுப் போனால் வழி தானே திறக்கிறது என்பதை ஜனங்கள் கண்டுகொண்டார்கள். வீட்டுக்காரன் மூட்டை கட்டினபிறகுதான், திண்ணையில் உட்காரலாம் என்று அனுமதி வந்தது.

இந்த ஜில்லாவில் எதுவும் கேட்காமல் கிடைத்ததில்லை. மாராப்புக்காகவே முப்பத்தேழு வருஷம், 1822 முதல் 1859 வரை, நம் தாய்மார்கள் அடிபட்டார்கள். 1859 ஜூலை 26ந் தேதி பிறந்த உத்தரவிலேகூட, போட்டுக் கொள்ளலாம், ஆனால் மேல்ஜாதிப் பெண்கள் போடுகிற மாதிரி போடக்கூடாது என்று ஒரு கொக்கி வைத்தார்கள். இன்றைக்கும் சுசீந்திரம் கோவிலுக்குள் போகிற ஆண்பிள்ளை சட்டையைக் கழற்ற வேண்டும். டாக்டரிடம் போனால் சட்டையைக் கழற்றுகிறோம். அங்கே காரணம் கேட்டால் சொல்லுவார். இங்கே கேட்டால் வழக்கம் என்பார்.

வேளாளர் வீட்டுக் கதையும் கொஞ்சமுண்டு. நாஞ்சில் நாட்டு வேளாளரிடத்தில் மருமக்கள்வழி இருந்தது. புருஷன் செத்தால் சொத்து அவன் சகோதரி பிள்ளைகளுக்கு. கட்டினவளும் பெற்ற பிள்ளைகளும் தெருவில். இந்தக் கொடுமையைத் தேரூரில் பிறந்த கவிமணி தேசிகவிநாயகம் பிள்ளை "நாஞ்சில் நாட்டு மருமக்கள்வழி மான்மியம்" என்று ஒரு நூலாகவே எழுதி, ஊரைச் சிரிக்க வைத்து வெட்கப்படவும் வைத்தார். 1926ல் சட்டம் வந்து வழக்கம் மாறிற்று. அதே 1926ல்தான் ரத வீதிச் சண்டையும். அதாவது, ஒரே வருஷத்தில், வேளாளர் வீட்டுப் பெண்டாட்டி பிள்ளைகள் தங்கள் வீட்டுக்குப் பாத்தியதை கேட்டார்கள். வீட்டுக்கு வெளியே இருந்தவன் தெருவுக்குப் பாத்தியதை கேட்டான். முன்னதற்குச் சட்டம் அதே வருஷத்தில் கிடைத்தது. பின்னதற்குப் பத்து வருஷம் பிடித்தது.

1948ல் திருவிதாங்கூரில் வயது வந்தோர் எல்லாருக்கும், ஆண் பெண் பேதமின்றி, ஓட்டுரிமை கொடுத்துத் தேர்தல் நடந்தது. தெரு திறந்து பன்னிரண்டே வருஷத்தில் சுசீந்திரத்துப் பெண்கள், வரப்பில் நடந்தவள் உள்படச் சகலரும், ஓட்டுப்பெட்டி வரையில் போய்விட்டார்கள். சுவிட்சர்லாந்துப் பெண்கள் அதற்குமேல் இருபத்து மூன்று வருஷம் காத்திருந்தார்கள். இந்த விஷயத்தில் நாம் தாராளமாகத் தலை நிமிர்ந்து நடக்கலாம். 1956 நவம்பர் 1ந் தேதி இந்த ஜில்லா தமிழ்நாட்டோடு சேர்ந்தது. இன்று சுசீந்திரம் ஒரு பேரூராட்சி. 2016ல் செய்த சட்டப்படி, தமிழ்நாட்டின் உள்ளாட்சி ஸ்தானங்களில் சரிபாதி பெண்களுக்கு. காகிதத்தில் பார்த்தால் கத்தியும் போயிற்று, பூணூலும் போயிற்று.

காகிதத்தில் பார்த்தால் என்றுதான் சொன்னோம். சென்ற மாதம் நாம் அந்த ஊருக்குப் போய், நாலு ரத வீதியையும் காலால் சுற்றி வந்தோம். மெதுவாக நடந்தாலும் வெகு நேரமாகவில்லை. இவ்வளவு சின்னத் தெருவுக்கா இவ்வளவு காலம் என்று எண்ணிக் கொண்டே ஒரு டீக்கடையில் உட்கார்ந்தோம். பக்கத்தில் எண்பது வயது மதிக்கத்தக்க ஒரு பெரியவர். அவரிடம், "பாட்டா, உங்க அப்பா காலத்திலே இந்தத் தெருவிலே நடக்க விடமாட்டாங்களாமே?" என்று கேட்டோம்.

அவர் டீயைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னார்: "விடமாட்டாங்கதான் மக்கா. எங்க அப்பாவுக்கு இந்த ஊரிலே ஒரே வழிதான் தெரியும். வயல் வரப்பு வழி. தெரு திறந்த பொறவும், சாகுற வரைக்கும், அந்த வரப்பு வழியாத்தான் சுத்திப் போனாரு. 'இப்பந்தான் எல்லாரும் போறாங்களே, நீரு ஏன் போவல்லே'ன்னு கேட்டா, 'கால் அதுக்கே பழகிட்டுல்லா'ம்பாரு."

நாம் அதற்குமேல் ஒன்றும் கேட்கவில்லை. கேட்க வாய் வரவில்லை. தெருவைத் திறக்க மகாராஜா கையெழுத்துப் போட்டால் போதும். பழகின காலைத் திருப்ப எந்த மகாராஜாவின் கையெழுத்தும் போதாது. வீதி திறந்தாயிற்று, சரி. அந்த வீதியில் வாடகைக்கு வீடு கேட்டுப் போனால், முதலில் கேட்கிற கேள்வி வாடகையைப் பற்றியதா, வேறு எதையாவது பற்றியதா? இதைச் சுசீந்திரத்தாரை மட்டும் கேட்கவில்லை. இங்கே கை தட்டிக் கொண்டிருக்கிறீர்களே, உங்களையும் சேர்த்துத்தான் கேட்கிறோம். போன வருஷம் நாம் வேறொரு கிராமத்தில் இதேபோலப் பேசி முடித்தபிறகு, கூட்டம் கூட்டிய தோழர் ஒருவர் நம்மை அழைத்துப்போய் வெகு பிரியமாகச் சாப்பாடு போட்டார். நமக்கு மேளம் அடித்து வரவேற்புக் கொடுத்தவருக்குச் சாப்பாடு கொல்லைப்புறத்தில் நடந்தது. நாமும் சாப்பிட்டு எழுந்தபிறகுதான் அதைப் பார்த்தோம். முதலிலேயே பார்த்திருக்க வேண்டும். அந்த வெட்கம் இன்னும் நமக்குப் போகவில்லை.

ஆகவே, அடுத்த மாதக் கூட்டத்திற்கு வரும்போது ஒவ்வொருவரும் ஒரு தாளில் உங்கள் ஊரைப் பற்றி எழுதிக் கொண்டு வாருங்கள். பேர் போட வேண்டாம். ஊரில் சுடுகாடு எத்தனை, ஒவ்வொன்றுக்கும் போகிற வழி எது. கோவில் கொடைக்கு யார் யாரிடம் வரி பிரிக்கிறீர்கள், யார் யாரிடம் பிரிப்பதில்லை. கல்யாண வீட்டில் முதல் பந்தியில் யார் உட்காருகிறார்கள். ஊர்க்கூட்டம் கூடினால் பெண்கள் எங்கே நிற்கிறார்கள். இந்த நாலையும் எழுதினால் போதும். எழுதத் தெரியாத தாய்மார்கள் வாயால் சொல்லட்டும். நம் இளந்தோழர் எழுதிக் கொள்ளுவார். சுவிட்சர்லாந்தைப் பற்றி அவ்வளவு விசாரித்தவருக்கு இது பெரிய வேலையல்ல. எல்லாத் தாள்களையும் இதே மேடையில் வைத்து உரக்கப் படிக்கப் போகிறோம். மழை வந்தால் பள்ளிக்கூடத் திண்ணையில் கூடுவோம்.